நிகழ்வு முடியும் நேரம்: அதிகாலை 3:59

இணைய விளையாட்டுகளில் ‘குறிப்பிட்ட காலத்துக்கு மட்டும்’ என்று வரும் சிறப்பு நிகழ்வுகளைப் பற்றி நம் வீடுகளில் இரண்டே விதமான பேச்சுதான் கேட்கிறது. “கைப்பேசியைக் கீழே வை” என்பது அம்மாவின் பேச்சு. “இன்னும் மூனே நாள்தாம்மா, அதுக்கப்புறம் கிடைக்காது” என்பது பிள்ளையின் பேச்சு. இருவருமே கணக்குப் போடாமல் பேசுகிறார்கள் என்பதுதான் என் குறை.

சீனப் புத்தாண்டு, நோன்புப் பெருநாள், தீபாவளி, ஆண்டிறுதி விடுமுறை என்று நம் நாட்டு நாள்காட்டியில் பண்டிகைக்குப் பஞ்சமில்லை. விளையாட்டு நிறுவனங்களின் நாள்காட்டியும் அப்படித்தான். ஒரு நிகழ்வு முடியும் முன்பே அடுத்ததற்கான அறிவிப்பு வந்துவிடும். இதில் பங்கெடுப்பது தவறில்லை. நல்ல கதை, அழகான ஓவியம், நண்பர்களோடு சேர்ந்து செய்யும் வேலை எல்லாம் அதில் இருக்கின்றன. ஆனால் எதற்கு எவ்வளவு நேரம் என்பதை ஆடுபவர் முடிவு செய்யாவிட்டால், நிகழ்வை வடிவமைத்தவர் முடிவு செய்துவிடுவார். அறிவியல் கூடத்தில் பரிசோதனையைத் தொடங்கும் முன் நோக்கம், பொருள்கள், செய்முறை என்று எழுதச் சொல்கிறோம். அதே பழக்கத்தைக் கைப்பேசி விளையாட்டுக்கும் கொண்டுவர வேண்டும் என்பது என் கருத்து.

பொதுவாகப் பேசினால் புரியாது. நம் மாணவர்கள் பலருக்கும் தெரிந்த ஒரு விளையாட்டை எடுத்துக்கொள்வோம். சீனாவின் மிஹோயோ நிறுவனம் 2020 செப்டம்பரில் வெளியிட்ட ‘ஜென்ஷின் இம்பாக்ட்’, குறுகிய கால நிகழ்வுகளையே முதுகெலும்பாகக் கொண்டது. ஏறத்தாழ 6 வாரத்துக்கு ஒருமுறை, அதாவது 42 நாளுக்கு ஒரு புதிய பதிப்பு வரும். அந்த 42 நாளுக்குள் ஒரு பெரிய நிகழ்வும் சில சிறிய நிகழ்வுகளும் வந்துபோகும். சிறப்புக் கதாபாத்திரங்களைப் பெறுவதற்கான குலுக்கல் ஒவ்வொன்றும் ஏறக்குறைய 3 வாரம் திறந்திருக்கும். சீனப் புத்தாண்டை ஒட்டி ஆண்டுதோறும் வரும் ‘லான்டர்ன் ரைட்’ விளக்குத் திருவிழா இவற்றில் பெரியது.

ஏன் இவ்வளவு இழுக்கிறது?

‘சில நாளுக்கு மட்டும்’ என்ற சொல்லுக்கு உள்ள சக்தியை 1975-இல் ஸ்டீபன் வொர்செல் என்ற உளவியலாளரும் அவருடைய குழுவினரும் பிஸ்கட்டைக் கொண்டு சோதித்துப் பார்த்தார்கள். சிலருக்கு 10 பிஸ்கட் உள்ள ஜாடி, சிலருக்கு 2 மட்டுமே உள்ள ஜாடி. பிஸ்கட் ஒன்றேதான். இரண்டே இருந்த ஜாடியைப் பார்த்தவர்கள் அதை அதிக விருப்பத்துக்குரியது, விலை கூடியது என்று மதிப்பிட்டார்கள். பத்து இருந்து கண்ணெதிரே இரண்டாகக் குறைந்தபோது மதிப்பு இன்னும் ஏறியது. ஆனால் சுவையைக் கேட்டபோது கூடுதல் மதிப்பெண் கிடைக்கவில்லை. வேண்டும் என்ற எண்ணம் ஏறியது, சுவை ஏறவில்லை. திரையின் மூலையில் ‘மீதம் 2 நாள் 14 மணி’ என்று ஓடும் கடிகாரம் செய்வதும் இதே வேலைதான்.

மூளைக்குள் நடப்பதும் இதற்கு ஒத்துப்போகிறது. டோப்பமின் என்ற வேதிப்பொருளை ‘மகிழ்ச்சி தரும் சுரப்பு’ என்று சொல்லிப் பழகிவிட்டோம். வுல்ஃப்ரம் ஷுல்ட்ஸ் குரங்குகளில் செய்த ஆய்வுகள் வேறு கதை சொல்கின்றன. எதிர்பாராமல் பழச்சாறு கிடைத்தபோது டோப்பமின் நரம்பணுக்கள் துடித்தன. பழச்சாறுக்கு முன் ஒரு விளக்கு எரியும் என்று குரங்கு கற்றுக்கொண்ட பிறகு, அந்தத் துடிப்பு விளக்குக்கு இடம் மாறியது. விளக்கு எரிந்தும் சாறு வராதபோது துடிப்பு வழக்கமான அளவுக்கும் கீழே இறங்கியது. அதாவது இந்த அணுக்கள் அளப்பது எதிர்பார்த்ததற்கும் கிடைத்ததற்கும் உள்ள வேறுபாட்டை. 1997-இல் ஷுல்ட்ஸும் பீட்டர் டயானும் ரீட் மான்டேக்கும் இதைக் கணித வடிவில் விளக்கினார்கள். குலுக்கலில் பரிசு தெரியும் முன் வானத்தில் ஒரு ஒளிக்கோடு பாய்ந்து வருகிறதே, அதுதான் குரங்கின் விளக்கு.

மூன்றாவது, பாதி வழியில் விட மனம் வராத குணம். 2006-இல் ஜோசப் நூன்ஸ், சேவியர் டிரெஸ் என்ற இருவர் அமெரிக்காவில் கார் கழுவும் கடை ஒன்றில் 300 வாடிக்கையாளர்களுக்கு முத்திரை அட்டை கொடுத்தார்கள். ஒரு பாதிப் பேருக்கு 8 கட்டம் உள்ள வெற்று அட்டை. மறு பாதிக்கு 10 கட்டம் உள்ள அட்டை, ஆனால் 2 கட்டத்தில் முன்பே முத்திரை குத்தப்பட்டிருந்தது. இருவருமே இன்னும் 8 முறை வர வேண்டும். வெற்று அட்டை பெற்றவர்களில் 19 விழுக்காட்டினரும், முன்பே முத்திரை இருந்தவர்களில் 34 விழுக்காட்டினரும் அட்டையை நிரப்பி முடித்தார்கள். உள்ளே நுழைந்ததுமே இலவசமாக ஒரு பரிசைக் கொடுத்து, முன்னேற்றப் பட்டையில் கொஞ்சம் நிரப்பிக் காட்டும் வழக்கம் எதற்காக என்பது இப்போது விளங்கும்.

இந்த மூன்றையும் தெரிந்துகொண்டால் இழுப்பு மறைந்துவிடும் என்று நான் சொல்லவில்லை. ஆனால் இழுப்பு எங்கிருந்து வருகிறது என்று தெரிந்தவர் காகிதத்தையும் பேனாவையும் எடுக்கிறார். அங்கிருந்துதான் பயன் தொடங்குகிறது.

எது திரும்பி வரும், எது வராது?

நிகழ்வு தொடங்கும் நாளில் முதலில் எழுத வேண்டியது இந்த இரண்டு பட்டியல். எல்லாமே ‘குறுகிய காலம்’ என்ற ஒரே வண்ணத்தில் காட்டப்பட்டாலும் எல்லாம் ஒரே அளவுக்கு அரியவை அல்ல.

சிறப்புக் கதாபாத்திரங்களில் பெரும்பாலானவை சில மாதமோ ஓராண்டோ கழித்து மீண்டும் குலுக்கலுக்கு வருகின்றன. இதைவிட முக்கியமானது, குலுக்கல் காலம் முடிந்தாலும் நீங்கள் அதுவரை எத்தனை முறை குலுக்கினீர்கள் என்ற எண்ணிக்கை அழிவதில்லை. அதே வகையைச் சேர்ந்த அடுத்த குலுக்கலுக்கு அது தொடர்கிறது. ‘இன்றைக்கு விட்டால் போட்டதெல்லாம் போச்சு’ என்ற பதற்றத்துக்கு இங்கே ஆதாரமே இல்லை.

மறுபுறம், நிகழ்வோடு வரும் கதைப் பகுதி பெரும்பாலும் திரும்பி வராது. நிகழ்வில் மட்டும் இலவசமாகக் கிடைக்கும் சில ஆயுதங்களும் அப்படியே. ஒரு கதாபாத்திரத்தின் திறனை உச்சப் படிக்கு உயர்த்தத் தேவைப்படும் கிரீடம் பெரும்பாலும் இத்தகைய நிகழ்வுகளில்தான் கைக்கு வரும். விளையாட்டுக்குள் புழங்கும் ‘மோரா’ காசோ எந்த நாளிலும் சம்பாதிக்கக் கூடியது. ஆகவே நிகழ்வுக் கடையில் கிரீடத்தையும் குலுக்கலுக்கு உதவும் கற்களையும் முதலில் வாங்கிவிட்டு, மோராவைக் கடைசிக்குத் தள்ளுவதே அறிவு. கடையையே காலி செய்ய வேண்டும் என்று இரண்டு இரவு கூடுதலாக விழிப்பவர், எந்த நாளிலும் கிடைக்கும் பொருளுக்காக எந்த நாளிலும் திரும்பக் கிடைக்காத தூக்கத்தைக் கொடுக்கிறார்.

குலுக்கலின் கணக்கு

நிறுவனமே வெளியிட்டுள்ள எண்களின்படி, ஒரு குலுக்கலில் 5 நட்சத்திரக் கதாபாத்திரம் விழும் அடிப்படை வாய்ப்பு 0.6 விழுக்காடு. 90-ஆவது குலுக்கலுக்குள் ஒன்று உறுதி. அதுவும் விளம்பரத்தில் காட்டிய கதாபாத்திரமாக இருக்கும் வாய்ப்பு ஏறக்குறையப் பாதிதான். முதல் முறை வேறொன்று விழுந்தால் அடுத்த முறை உறுதி. எனவே மிக மோசமான நிலையில் 180 குலுக்கல். ஒரு குலுக்கலுக்கு 160 பிரிமோஜெம் கல் என்றால் மொத்தம் 28,800 கல்.

பணம் கொடுக்காமல் ஆடும் ஒரு மாணவருக்கு அன்றாடப் பணிகளால் கிடைப்பது நாளுக்கு 60 கல். ஒருநாள் கூடத் தவறாமல் 42 நாள் செய்தால் 2,520 கல், அதாவது 15 குலுக்கல். அடிப்படை வாய்ப்பை மட்டும் வைத்துப் பார்த்தால், 15 குலுக்கலில் ஒன்றாவது விழும் நிகழ்தகவு என்ன? ஒன்றுமே விழாத வாய்ப்பு 0.994-ஐ 15 முறை பெருக்கினால் வரும். அது ஏறத்தாழ 0.91. ஆகவே விழும் வாய்ப்பு சுமார் 9 விழுக்காடு. அன்றாடப் பணியை மட்டும் நம்பி 28,800 கல் சேர்க்க வேண்டுமானால் 480 நாள். நிகழ்வுகளும் மற்ற பரிசுகளும் இந்தக் காலத்தைக் குறைக்கும். ஆனாலும் ‘இந்த ஒரு நிகழ்வை முடித்தால் கிடைத்துவிடும்’ என்ற நம்பிக்கை எவ்வளவு மெலிந்தது என்பது தெரிந்துவிடுகிறது. வரும் எல்லாக் கதாபாத்திரத்துக்கும் பின்னால் ஓடாமல், ஓராண்டில் ஒன்றையோ இரண்டையோ தேர்ந்தெடுத்து அவற்றுக்காகச் சேமிப்பவர்தான் இந்த எண்களோடு ஒத்துப்போகிறார்.

பணத்தால் குறுக்குவழி போனால்? அமெரிக்க விலைப்பட்டியலில் 6,480 கற்கள் கொண்ட பெரிய பொதி 99.99 டாலர். வழக்கமான கூடுதலோடு 8,080 கல் வரும். 28,800-ஐத் தொட 4 பொதி வேண்டும், ஏறத்தாழ 400 டாலர். முதல் வாங்கலில் கிடைக்கும் இரட்டிப்பைச் சேர்த்தாலும் 3 பொதி தேவைப்படும். ரிங்கிட்டில் இது ஒரு குடும்பத்தின் ஒரு மாத மளிகைச் செலவை எட்டிப் பிடிக்கும் தொகை. இதை மாணவர் தாமே கணக்கிட்டுப் பார்க்கட்டும். நாம் சொல்லும் ‘வீண் செலவு’ என்ற சொல்லைவிட அவர் கையால் எழுதிய விடை ஆழமாக இறங்கும்.

நேரத்தின் கணக்கு

அடுத்தது நேரம். இங்கே பலருக்குத் தெரியாத நல்ல செய்தி ஒன்று உண்டு. பெரும்பாலான நிகழ்வுகளில் கட்டங்கள் நாளுக்கொன்றாகத் திறக்கும், ஆனால் திறந்த கட்டம் நிகழ்வு முடியும் வரை மூடாது. எனவே முதல் நாளிலிருந்து ஒவ்வொரு நாளும் உள்ளே போக வேண்டிய கட்டாயம் இல்லை. எல்லாக் கட்டங்களும் திறந்த பிறகு ஒரு சனிக்கிழமை பிற்பகலை ஒதுக்கினால் பெரும்பகுதி முடிந்துவிடும். கதையும் துண்டு துண்டாகாமல் ஒரே ஓட்டமாகக் கிடைக்கும். உள்நுழைவதற்காகவே பரிசு தரும் நிகழ்வுகளும் பொதுவாக மொத்தம் 7 நாள் என்றுதான் கேட்கின்றன, தொடர்ந்து 7 நாள் என்று அல்ல. விதியை ஒருமுறை கவனமாகப் படித்தால் போதும்.

‘ரெசின்’ என்ற ஆற்றல் அளவைப் பாருங்கள். 8 நிமிடத்துக்கு ஒன்று வீதம் ஊறும். முன்பு அதன் உச்ச அளவு 160. அதாவது 1,280 நிமிடம், 21 மணி 20 நிமிடத்தில் தொட்டி நிரம்பிவிடும். ஒரு நாளைக்கு ஒருமுறை மட்டும் ஆடுபவர் ஒவ்வொரு நாளும் கொஞ்சம் இழப்பார். 2024 ஜூனில் உச்ச அளவு 200 ஆனது. இப்போது நிரம்ப 1,600 நிமிடம், அதாவது 26 மணி 40 நிமிடம். ஒரு எண்ணை மாற்றியதும், நாளுக்கு ஒருமுறை ஆடுவது இழப்பில்லாத வழியாகிவிட்டது. ஆனால் பழைய பழக்கத்தில் இன்றும் காலையில் பள்ளிக்குக் கிளம்பும் முன் ஒருமுறை, இரவில் ஒருமுறை என்று தொட்டியைக் காலி செய்பவர்கள் இருக்கிறார்கள். யாருக்காக?

‘பேட்டல் பாஸ்’ என்ற படிவரிசைப் பரிசும் அப்படித்தான். மொத்தம் 50 படி. ஒரு வாரத்தில் 10 படிக்கு மேல் ஏற முடியாது. பதிப்பின் காலம் 6 வாரம். முழு வேகத்தில் ஏறினால் 5 வாரம் போதும், ஒரு வாரம் கையில் மிச்சம். பள்ளித் தேர்வு எந்த வாரம் என்பது மாணவருக்கு முன்கூட்டியே தெரியும். அந்த வாரத்தையே மிச்ச வாரமாகக் குறித்துக்கொண்டால், தேர்வுக்கும் விளையாட்டுக்கும் சண்டையே வராது.

3:59-இன் விலை

இனி, இந்தக் கட்டுரையின் தலைப்புக்கு வருகிறேன். இந்த விளையாட்டின் ஆசியச் சர்வர் மலேசிய நேரத்திலேயே இயங்குகிறது. அதற்குப் புதிய நாள் பிறப்பது அதிகாலை 4 மணிக்கு. நிகழ்வுகள் வழக்கமாக முடிவது அதிகாலை 3:59-க்கு. ஆட்கள் குறைவாக இருக்கும் நேரத்தில் சர்வர் கணக்கை முடிப்பது பொறியியல் நோக்கில் பொருத்தமாக இருக்கலாம். ஆனால் திங்கட்கிழமை முடியும் என்று அறிவித்த நிகழ்வு, பள்ளி மாணவரைப் பொறுத்தவரை ஞாயிற்றுக்கிழமை இரவோடு முடிந்துவிட்டது. அறிவிப்பில் காணும் கடைசித் தேதி அவருக்குச் சொந்தமான நாள் அல்ல. நாள்காட்டியில் குறிக்கும்போது ஒரு நாளை, முடிந்தால் இரண்டு நாளைக் கழித்துக் குறிக்க வேண்டும்.

13 முதல் 18 வயது வரை உள்ளவர்களுக்கு நாளொன்றுக்கு 8 முதல் 10 மணி நேரத் தூக்கம் வேண்டும் என்று அமெரிக்கத் தூக்க மருத்துவக் கழகம் 2016-இல் பரிந்துரைத்தது. நம் இடைநிலைப்பள்ளி மாணவர் காலை 6 மணிக்கு எழுந்தால்தான் பள்ளி மணிக்கு முன் வாசலைத் தொட முடியும். தூரத்திலிருந்து பேருந்தில் வருபவர் இன்னும் முன்பே எழ வேண்டும். 8 மணி நேரம் என்றாலே இரவு 10 மணிக்குப் படுக்க வேண்டும். பருவ வயதில் தூக்கத்தைத் தூண்டும் மெலட்டோனின் சுரப்பதே இரவில் தாமதமாகத்தான் தொடங்குகிறது. சீக்கிரம் தூக்கம் வராத உடல், சீக்கிரம் எழச் சொல்லும் பள்ளி, இரண்டுக்கும் நடுவே 3:59 என்ற எல்லை. பகலில் படித்ததை மூளை நிலைப்படுத்துவது தூக்கத்தில்தான். எஸ்.பி.எம். ஆண்டில் ஒரு மாணவர் இழக்கும் இரவு, அன்று மாலை அவர் படித்த பாடத்தையும் சேர்த்துத்தான் இழக்கிறது.

இதற்கு மாற்று வடிவமைப்பு இல்லாமல் இல்லை. ‘போக்கிமான் கோ’ விளையாட்டின் சமூக நாள் நிகழ்வு 2018 ஜனவரியில் தொடங்கியது. 2022 முதல் அது பெரும்பாலும் வார இறுதியில், உள்ளூர் நேரப்படி பிற்பகல் 2 முதல் 5 வரை நடக்கிறது. அதிலும் குறுகிய காலத்தின் இழுப்பு உண்டு, பணம் பார்க்கும் நோக்கமும் உண்டு. ஆனால் நடப்பது பகலில், வெளியில், மூன்றே மணி நேரத்தில். நிகழ்வை மாலை 6 மணிக்கு முடித்தால் எந்த நிறுவனமும் மூழ்கிவிடாது. சிறுவர்கள் ஆடும் விளையாட்டுகளுக்கு இதை ஒரு நிபந்தனையாகவே நம் அதிகாரிகள் கேட்கலாம் என்று நான் நினைக்கிறேன்.

கேட்டால் நடக்குமா என்று ஐயப்பட வேண்டாம். பல குலுக்கல் பரிசுகளை ஒரு தொகுப்பாகச் சேர்த்தால் மட்டுமே பெரிய பரிசு என்ற முறையை ஜப்பான் 2012-இல் தடுத்தது. குலுக்கல் வாய்ப்பு எண்களை வெளியிட வேண்டும் என்று சீனா 2017-இல் கட்டாயமாக்கியது. ஜென்ஷின் இம்பாக்டை அமெரிக்காவில் வெளியிடும் நிறுவனம், அந்நாட்டு வர்த்தக ஆணையத்தின் வழக்கில் 2 கோடி டாலர் செலுத்தவும், 16 வயதுக்குக் கீழ்ப்பட்டவர்களுக்குப் பெற்றோர் ஒப்புதலின்றிக் குலுக்கல் பரிசு விற்பதில்லை என்றும் 2025 ஜனவரியில் ஒப்புக்கொண்டது. மேலே நாம் போட்ட 0.6 விழுக்காட்டுக் கணக்கே, இந்த எண்கள் வெளியில் இருப்பதால்தான் சாத்தியமானது.

வீட்டிலும் வகுப்பிலும்

பெற்றோருக்கு ஒரு வேண்டுகோள். நிகழ்வின் நடுவில் கைப்பேசியைப் பிடுங்குவது, பிஸ்கட் ஜாடியில் பத்தை இரண்டாக்கும் வேலை. ஆசை கூடும், போர்வைக்குள் விளையாட்டு தொடங்கும். அதற்குப் பதில் நிகழ்வு தொடங்கும் நாளில் பிள்ளையோடு உட்காருங்கள். “இதில் உனக்கு எது வேண்டும்? அது திரும்ப வருமா? எத்தனை மணி நேரம் ஆகும்? என்றைக்குச் செய்யப் போகிறாய்?” என்று நான்கே கேள்வி கேளுங்கள். விடையைச் சமையலறை நாள்காட்டியில் அவனையே எழுதச் சொல்லுங்கள். விளையாட்டு உங்களுக்குப் புரிய வேண்டிய அவசியமில்லை. எழுதிய நேரத்தை அவன் மீறினால் அப்போது கண்டிக்க உங்களுக்கு ஓர் அளவுகோல் இருக்கும். எழுதியதைக் காப்பாற்றினால், அவன் ஆடும் அந்தச் சனிக்கிழமை பிற்பகலில் குறுக்கே வராமல் இருப்பது உங்கள் கடமை.

ஆசிரியர்களுக்கும் ஒன்று. நிகழ்தகவைக் கற்பிக்க நாணயத்தையும் பகடையையும் மட்டுமே பிடித்துக்கொண்டிருக்கிறோம். 0.994-ஐ 15 முறை பெருக்கச் சொல்லிப் பாருங்கள். இது தேர்வுக்கான கணக்கு அல்ல, தங்கள் கைப்பேசியில் ஓடும் கணக்கு என்று மாணவர்களுக்கு உடனே புரியும். அறிவியல் பாடத்தில் மாறிகளைக் கட்டுப்படுத்துவது பற்றிப் பேசும் நாளில் அந்தக் கார் கழுவும் கடை அட்டையைக் காட்டலாம். தேவைப்பட்ட முத்திரை இரு குழுவுக்கும் 8 என்று ஒன்றாக வைத்ததால்தான் அந்த ஆய்வு ஆய்வாகிறது.

மாணவர்களே, அடுத்த நிகழ்வுக்கு இன்னும் சில நாளே இருக்கலாம். அறிவிப்பு வந்ததும் விதிப் பக்கத்தை முழுதாகப் படியுங்கள். திரும்பி வராததை முதலில் செய்யுங்கள். முடியும் தேதியில் ஒன்றைக் கழியுங்கள். தேர்வு வாரத்தை மிச்ச வாரமாக வையுங்கள். இரவு பத்து மணிக்குக் கைப்பேசியைக் கூடத்தில் மின்னூட்டத்துக்குப் போட்டுவிட்டுப் படுங்கள். விட்டுப்போன ஒரு பரிசுக்காக வருந்த நேர்ந்தால், அதே பரிசின் பெயரைக் காகிதத்தில் எழுதி வைத்து ஒரு மாதம் கழித்து எடுத்துப் பாருங்கள். அப்போதும் அது வேண்டும் என்று தோன்றினால், அடுத்த முறைக்கான சேமிப்பை அன்றே தொடங்குங்கள்.